கருவளையமும் காவிக்கல்லும்

கண்ணுக்குக் கீழே படிகிற கருமைக்குத் தமிழில் கருவளையம் என்றொரு சொல் இருக்கிறது. அதை மறைப்பதற்குப் பூசும் பொருளுக்குச் சொல் இல்லை. கடையில் கன்சீலர் என்றுதான் கேட்கவேண்டும். மறைப்பான், மறைப்பி என்றெல்லாம் சொல்லாக்கம் செய்துவிடலாம். யாரும் அப்படிக் கேட்டு வாங்கப்போவதில்லை. முகத்தில் பூசுவதற்கு நம்மிடம் பொருட்கள் இல்லாமலில்லை. மஞ்சள், சந்தனம், மை, செந்தூரம், கூத்துக்கு அரிதாரம். ஆனால் இவை எல்லாமே பூசியிருப்பது பிறருக்குத் தெரியவேண்டும் என்று பூசப்படுபவை. பூசியதே தெரியக்கூடாது என்பதற்காக ஒன்றைப் பூசிக்கொள்ளும் வழக்கம்தான் நமக்குப் புதியது. சொல் இல்லாமற் போனதற்கு அதுதான் காரணமாக இருக்கவேண்டும்.

சென்ற தை மாதத்தில் என் அண்ணன் மகள், "ஏனுங்கத்தை, நீங்கதான் கலரு தெரிஞ்சவங்க. எனக்கொரு கன்சீலர் பாத்து எடுத்துக் குடுங்க" என்று கேட்டாள். முப்பது வருடம் பள்ளியில் ஓவியம் சொல்லிக்கொடுத்ததற்கு இப்படியும் ஒரு பயன் வரும் என்று நான் நினைத்ததில்லை. அவள் கொடுமுடியிலிருந்து ரயிலேறி ஈரோட்டுக்குப் போய் ஒரு தனியார் மருத்துவமனையில் செவிலியாக வேலை செய்கிறாள். வயது இருபத்தாறு. மாதத்தில் பாதி நாட்கள் இரவுப் பணி. கண்களுக்குக் கீழே இரண்டு பக்கமும் பிறைபோலக் கருமை படிந்திருக்கும். அப்போது வீட்டில் ஜாதகம் எடுத்திருந்தார்கள். ஆகவே எல்லோரும் அவள் கேட்டதற்குக் காரணம் அதுதான் என்று எடுத்துக்கொண்டார்கள். "பொண்ணு பாக்க வர்றவிய கண்ணுக்கடியில கருப்பா இருந்தா என்ன நெனைப்பாங்க" என்று அண்ணி சொன்னபோது அவள் மறுத்துப் பேசவில்லை. நானும் அப்படியே நம்பிக்கொண்டேன். உண்மையான காரணம் பிறகுதான் தெரிந்தது.

கன்சீலர் வாங்குமுன் அந்தக் கருமை எத்தகையது என்று பார்த்துவிடுவது நல்லது. பகல் வெளிச்சத்தில், ஜன்னலுக்கு எதிரே, கையில் கண்ணாடியோடு உட்காரவேண்டும். முகத்தை நன்றாக நிமிர்த்தி வெளிச்சம் நேராக விழும்படி செய்தால் கருமை காணாமற் போகிறதா? அப்படியானால் அது நிறமே அல்ல, நிழல். கண்ணுக்கடியில் சதை குறைந்து பள்ளம் விழுந்திருக்கிறது. மேல் விளக்கின் ஒளியில் அந்தப் பள்ளம் கருப்பாகத் தெரிகிறது. இதை எந்தக் கன்சீலரும் முழுதாக மறைக்காது. நிமிர்ந்தும் போகவில்லையென்றால் கீழிமையின் தோலை விரலால் மெல்லப் பக்கவாட்டில் இழுத்துப் பார்க்கலாம். நீலமும் ஊதாவும் இன்னும் தூக்கலாகத் தெரிந்தால் அது உள்ளே ஓடும் இரத்தக் குழாய்களின் நிறம். உடம்பிலேயே மிக மெல்லிய தோல் இமைத் தோல்தான், ஏறக்குறைய அரை மில்லிமீட்டர். அடியிலிருப்பது மேலே தெரிவதில் வியப்பில்லை. இழுத்தும் பழுப்பு அப்படியே இருந்தால் அது தோலிலேயே இருக்கும் நிறமி. நம் ஊர்ப் பக்கத்து முகங்களில் பெரும்பாலும் இந்த மூன்றாவது வகையே இருக்கும், அல்லது மூன்றும் கலந்திருக்கும். தும்மலும் கண் அரிப்பும் உள்ளவர்கள் கசக்கிக் கசக்கியே இதை அதிகமாக்கிக்கொள்வதும் உண்டு. ராத்திரி துடைக்காமல் விட்ட மை இறங்கிக் கருவளையம்போலக் காட்டுவதும் உண்டு.

அண்ணன் மகளுக்கு முக்கியமாக இருந்தது பழுப்பு. மூக்கோரத்தில் மட்டும் கொஞ்சம் நீலம். எங்கள் அம்மாவின் ஒரேயொரு புகைப்படத்தில் இதே இடத்தில் இதே பிறை இருக்கிறது. ஸ்டூடியோக்காரர் முகத்துக்குப் பவுடர் போட்டுவிட்டும் அது போகவில்லை. அம்மா இரவுப் பணி பார்த்தவரல்ல. ஆகவே தூக்கமின்மை மட்டுமே காரணம் என்று சொல்லிவிட முடியாது. பாட்டியிடமிருந்து பேத்திக்கு வந்த சொத்துதான்.

ஈரோட்டுக் கடையில் விற்பனைப் பெண் ஒரு குழலைத் திறந்து கோடு போல இழுத்து, தட்டிவிட்டு, கண்ணாடியைக் காட்டினாள். குழல்விளக்கின் கீழ் முகம் பளிச்சென்றுதான் இருந்தது. நான் அண்ணன் மகளைக் கடைவாசலுக்கு அழைத்துவந்து வெயிலில் நிற்கவைத்துப் பார்த்தேன். கண்ணுக்குக் கீழே சாம்பல் பூசியதுபோல இருந்தது. அந்தப் பெண்ணைக் குறை சொல்வதற்கில்லை. வருகிறவர்கள் எல்லோரும் தங்கள் நிறத்தைவிட ஒரு படி வெளுப்பாகவே கேட்கிறார்கள் என்று அவளே சொன்னாள். சிவப்பழகுக் களிம்பு 1975இல் இந்தியக் கடைகளுக்கு வந்தது. அதன் பெயரிலிருந்த வெளுப்பை நீக்குவதற்கு 2020 வரை ஆயிற்று. இடையில் வந்த நாற்பத்தைந்து வருடங்களில் வளர்ந்தவர்கள்தான் இன்று கடையின் இரண்டு பக்கமும் நிற்கிறோம்.

கருமையின் மேல் வெண்மையை மெல்லியதாகப் பூசினால் வெள்ளை வராது, சாம்பல்தான் வரும். இது ஓவியம் வரைகிற எல்லோருக்கும் முதல் வருடத்திலேயே தெரிந்துவிடுகிற விஷயம். கரிய தாளில் நீர்த்த வெள்ளையை இழுத்தால் அது நீலம் பாய்ந்துதான் தெரியும். வெளிர் கன்சீலரில் அதிகமாக இருப்பது டைட்டானியம் டை ஆக்சைடு என்கிற வெள்ளைப் பொடி. மாநிறத்து முகத்தில் அது அதே வேலையைத்தான் செய்யும். ஆகவே கருமையை முதலில் வெளுக்க முயலக்கூடாது; அதிலுள்ள நீலத்தை அணைக்கவேண்டும். வண்ணச் சக்கரத்தில் நீலத்துக்கு எதிரே இருப்பது ஆரஞ்சு, ஊதாவுக்கு எதிரே மஞ்சள். எதிரெதிர் நிறங்கள் கலந்தால் இரண்டும் தம் குணத்தை இழந்து பழுப்பில் அடங்கும். வெளிர்நிறத் தோலுக்கு இளஞ்சிவப்பு கலந்த பீச் நிறம் போதும். நம் நிறத்துக்கு நல்ல ஆரஞ்சே வேண்டும். இன்னும் கரிய நிறத்துக்குச் செங்கல் நிறத்தை நெருங்கவேண்டும். அதன் பெயர் கரெக்டர். அதை மெல்லியதாக வைத்து, அதன் மேல் நம் தோலின் நிறத்திலேயே உள்ள கன்சீலரை இன்னும் மெல்லியதாக வைத்தால் போதும்.

நிறம் பொருந்துகிறதா என்பதைப் புறங்கையில் பார்ப்பது வீண். கைக்கும் முகத்துக்கும் ஒரே நிறம் யாருக்கும் இல்லை. தாடை ஓரத்தில் இரண்டு மூன்று கோடுகள் இழுத்துப் பகல் வெளிச்சத்தில் நின்றால் எந்தக் கோடு கரைந்து மறைகிறதோ அதுதான் நமக்கானது. தோலின் அடியோட்டமாக மஞ்சள் இருக்கிறதா, சிவப்பு இருக்கிறதா என்பதையும் கவனிக்கவேண்டும். நம்மில் பலருக்கு அது மஞ்சள், பொன் பக்கம் சாயும். நாங்கள் கடைசியில் எடுத்தது, அந்தப் பெண் முதலில் காட்டியதைவிட மூன்று படி கருத்தது.

வீட்டுக்கு வந்து பெட்டியின் பின்புறத்தைப் பூதக்கண்ணாடி வைத்துப் படித்தேன். சி.ஐ. 77491, 77492, 77499, 77891 என்று எண்கள். கடைசி எண் அந்த வெள்ளைப் பொடி. முதல் மூன்றும் இரும்பு ஆக்சைடுகள்: சிவப்பு, மஞ்சள், கருப்பு. அந்தச் சிவப்பு வேறொன்றுமல்ல, காவிக்கல்லின் சிவப்பு. மண்ணில் கிடைப்பதில் அசுத்தங்கள் இருக்குமென்பதால் தொழிற்சாலையில் தூய்மையாகச் செய்கிறார்கள், அவ்வளவுதான் வேறுபாடு. நம் கோயில் மதில்களில் சுண்ணாம்புப் பட்டைக்குப் பக்கத்தில் அடிக்கிற காவிப் பட்டையும், மார்கழி வாசலில் கோலத்தைச் சுற்றி இழுக்கிற செம்மண் கோடும் இந்த வம்சம்தான். ஏழாயிரம் பேர் பார்க்க மதிலில் அடித்த நிறத்தை ஒருவர் கண்ணிலும் படாதபடி முகத்தில் அரைத்துவிடுகிறோம்.

இன்னொன்றும் தோன்றியது. எங்கள் பக்கம் மஞ்சள் விளைகிற மண். ஈரோட்டு மஞ்சளுக்கு 2019இல் புவிசார் குறியீடும் கிடைத்தது. காவிரியில் குளித்து மஞ்சள் பூசிக் கரையேறுகிற பெண்களின் முகத்தைச் சிறுவயதிலிருந்து பார்த்திருக்கிறேன். ஊதாவும் நீலமும் அந்த முகங்களில் அடங்கித்தான் தெரியும். வண்ணச் சக்கரம் அறியாமலே அவர்கள் அதன் கணக்கைச் செய்துகொண்டிருந்தார்கள். ஆனால் அந்தக் கணக்கு எல்லாப் பெண்களுக்கும் அனுமதிக்கப்பட்டதாக இருக்கவில்லை. கணவன் இறந்ததும் மஞ்சளை விட்டுவிடவேண்டும். அழுதும் விழித்தும் கண்ணுக்கடியில் மிகவும் கருத்திருக்கும் நாளில்தான் அதை அடக்கும் மஞ்சள் ஒரு பெண்ணிடமிருந்து பறிக்கப்பட்டது.

கொடுமுடியில் இதைப் பற்றி யோசிக்கிற எவருக்கும் கே.பி. சுந்தராம்பாள் நினைவு வராமல் இருக்காது. அவர் பெயரின் முதலெழுத்திலேயே எங்கள் ஊர் இருக்கிறது. 1908இல் இங்கே பிறந்தவர். வறுமையில் வளர்ந்து, சிறுமியாகவே நாடக மேடை ஏறி, இலங்கை வரை சென்று பாடிப் புகழ்பெற்றவர். எஸ்.ஜி. கிட்டப்பாவோடு மேடையிலும் வாழ்க்கையிலும் இணைந்தார். கிட்டப்பா 1933இல் இறந்தபோது அவருக்கு வயது இருபத்தேழு; சுந்தராம்பாளுக்கு இருபத்தைந்து. என் அண்ணன் மகளைவிட ஒரு வயது குறைவு. அதன் பிறகு வெள்ளைச் சேலை, நெற்றியில் திருநீறு. எந்த ஆண் நடிகருடனும் ஜோடியாக நடிப்பதில்லை என்ற முடிவையும் எடுத்தார்.

ஒப்பனையே தொழிலாக உள்ள ஒருவர் இப்படி முடிவெடுத்தால் அவருக்கு என்ன வேடம் மிஞ்சும்? 1935இல் வந்த ‘நந்தனார்’ படத்தில் அவர் நந்தனாராகவே, ஓர் ஆணாக நடித்தார். அதற்கு ஒரு லட்சம் ரூபாய் ஊதியம் பெற்றது அந்நாளில் பெரும் பேச்சு. 1953இல் ஜெமினியின் ‘ஔவையார்’. நாற்பத்தைந்தை நெருங்கும் வயதில் நரைத்த கிழவியானார். 1973இல் வந்த ‘காரைக்கால் அம்மையார்’ படத்தில் இளம் புனிதவதியாக லட்சுமி நடிக்க, அழகை உதறிய பின் வருகிற அம்மையாராக வந்தவர் சுந்தராம்பாள். பிற நடிகைகளின் ஒப்பனைக்காரர்கள் வயதை அழித்துக்கொண்டிருந்த காலத்தில் இவருடைய ஒப்பனைக்காரர்கள் வயதை வரைந்துகொண்டிருந்தார்கள். உலகின் மறுபக்கத்தில் மாக்ஸ் ஃபாக்டர் நிறுவனம் திரைமுகங்களுக்குச் செய்துவந்த பூச்சுகளின் தொடர்ச்சியாக, கண்ணடிக் கருமையையும் வடுக்களையும் அழிப்பதற்கென்றே ‘இரேஸ்’ என்ற குச்சியைச் சாதாரணப் பெண்களுக்கு விற்கத் தொடங்கியது 1954இல். அதாவது ‘ஔவையார்’ வந்த மறுவருடம். தற்செயல்தான். ஆனாலும் என்னால் இரண்டையும் சேர்த்து நினைக்காமல் இருக்க முடியவில்லை.

காரைக்கால் அம்மையாரைச் சொன்னதால் இதையும் சொல்லவேண்டும். கணவனுக்காகச் சுமந்த இந்த அழகு இனி வேண்டாம் என்று பேயுருவை வேண்டிப் பெற்றவர் என்கிறது பெரியபுராணம். திருவாலங்காட்டு மூத்த திருப்பதிகத்தில் அவர் பாடுகிற பெண்பேய்க்குக் கண்கள் குழிவிழுந்திருக்கின்றன. தமிழில் மிகப் புகழ்பெற்ற குழிவிழுந்த கண்கள் அவைதாம். அதே பதிகத்தில் வேறொரு பேய், ஈமத் தீயிலிருந்து கடைசிக் கொள்ளியை எடுத்து மசித்துக் கண்ணுக்கு மையிட்டுக்கொள்கிறது. முதன்முதலாகப் படித்தபோது சிரிப்பு வந்தது. வயதான பிறகு படித்தபோது சிரிப்பு வரவில்லை. எல்லாவற்றையும் துறந்து வந்த காட்டிலும் கண்ணுக்கு ஒரு மை வேண்டியிருக்கிறது. அதைப் பார்க்க அங்கே எந்த மாப்பிள்ளை வீட்டாரும் இல்லை. அலங்காரம் என்றால் பிறருக்கானது என்று எளிதாகச் சொல்லிவிடுகிறவர்களுக்கு அம்மையாரின் அந்தப் பேய் ஒரு பதில்.

இனி அண்ணன் மகள் சொன்ன காரணம். பூசிப் பழகிக்கொண்டிருந்த ஒரு மாலையில், மாப்பிள்ளை வீட்டார் வருகிற நாள் எப்போது என்று கேட்டேன். அவள் கையிலிருந்த கண்ணாடியைக் கீழே வைத்தாள்.

"அதுக்கில்லைங்கத்தை. ராத்திரி மூணு மணி இருக்கும். ஒரு அம்மாயிக்கு ஆபரேசன் பண்ணியிருந்தாங்க. வலிக்குதுங்களான்னு கேட்டேன். என் கண்ணையே பாத்துட்டு, 'எனக்கொண்ணுமில்ல சாமி, நீ போயிச் சித்த கண்ண மூடு'ன்னாங்க. காலையில டாக்டரு பாக்கறப்பதான் ராத்திரி பூராம் வலியில கெடந்தாங்கன்னு தெரிஞ்சுது. எம் மூஞ்சியப் பாத்துத்தான் சொல்லாம உட்டுட்டாங்க."

நான் ஒன்றும் பேசவில்லை. திருக்குறளின் 118ஆம் அதிகாரம், கண்விதுப்பழிதல், பிரிவில் தூங்காத கண்களைப் பற்றியது. அதன் கடைசிக் குறளில், பறையறைவதுபோல ஊருக்கெல்லாம் சேதி சொல்லிவிடுகிற கண்களை வைத்துக்கொண்டு எதை மறைப்பது என்று தலைவி நொந்துகொள்கிறாள். அங்கே கண் காட்டிக்கொடுப்பது காதலை. இங்கே அது ஒரு செவிலியின் களைப்பைக் காட்டிக்கொடுத்தது. அதைக் கேட்ட கிழவி இரக்கப்பட்டுத் தன் வலியை மறைத்துவிட்டாள். கிழவி எதையும் மறைக்காமலிருக்கவேண்டும் என்றால் இவள் கொஞ்சம் மறைத்தாகவேண்டும். முகப்பூச்சுக்கு இதைவிட நியாயமான காரணம் எதையும் நான் கேட்டதில்லை.

ஆனாலும் ஒன்று உறுத்திக்கொண்டே இருந்தது. இமையின் வெளிப்புறத்தை இவ்வளவு நேரம் ஆராய்ந்த பிறகு உட்புறத்தையும் பார்த்தேயாகவேண்டும் அல்லவா? மருத்துவர்கள் கீழிமையை இழுத்துப் பார்ப்பது அதன் உட்சதை சிவந்திருக்கிறதா, வெளுத்திருக்கிறதா என்று அறியத்தான். அவளுடையது வெளுத்திருந்தது. தினமும் பிறர் இமையை இழுத்துப் பார்க்கிற கைக்குத் தன் இமையை இழுத்துப் பார்க்க நேரம் வாய்த்திருக்கவில்லை. இரத்தம் கொடுத்துப் பார்த்ததில் ஹீமோகுளோபின் 9.4. பெண்களுக்குக் குறைந்தது 12 இருக்கவேண்டும். 2019–21இல் எடுத்த தேசியக் குடும்பநல ஆய்வின்படி நாட்டில் 15 முதல் 49 வயது வரையான பெண்களில் 57 சதவீதம் பேருக்கு இரத்தசோகை. தமிழ்நாட்டில் 53 சதவீதத்துக்கும் மேல். இரண்டில் ஒருத்தி. இதைக் கேட்டபோது அண்ணி, "அவ எப்பவுமே இப்படித்தானே இருப்பா" என்றார். எப்போதும் இருப்பது நோயாக இருக்கமுடியாது என்று நாம் எப்படியோ முடிவுசெய்து வைத்திருக்கிறோம்.

நான்கு மாதம் மருத்துவர் சொன்னபடி இரும்புச்சத்து மாத்திரை எடுத்துக்கொண்டாள். எண் 11.8க்கு ஏறியது. ரயில்நிலையப் படி ஏறும்போது மூச்சு வாங்குவது நின்றது. முகத்தின் வெளிறிய தன்மையும் போயிற்று. கருவளையம் மட்டும் அப்படியேதான் இருக்கிறது. அது அம்மாவுடையது; மாத்திரைக்கு அடங்காது. இரத்தசோகையால் வருவதை மாத்திரையிடம் விடவேண்டும், வம்சத்தில் வருவதை வேண்டுமானால் பூச்சிடம் விடலாம். இரண்டில் எது எது என்று தெரியாமல் பூசுவதில்தான் ஆபத்திருக்கிறது.

அவள் பூசுகிற முறையையும் எழுதிவிடுகிறேன், யாருக்காவது பயன்படலாம். முகம் கழுவி ஈரம் காப்பதற்கான களிம்பு தடவி ஐந்து நிமிடம் விடுகிறாள். உலர்ந்த தோலில் பூசினால் சுருக்கங்களில் போய்த் தங்கி வெடிப்புபோலத் தெரியும். பிறகு ஆரஞ்சுக் கரெக்டர், ஒரு கண்ணுக்கு ஓர் அரிசியளவு. கருமை இருக்கும் பிறையில் மட்டும். கன்னம் வரை இழுப்பதில்லை. மோதிர விரலால் தட்டுகிறாள், தேய்ப்பதில்லை. அந்த விரலுக்குத்தான் அழுத்தம் குறைவு. ஒரு நிமிடம் கழித்து அதேயளவு கன்சீலர், அதேபோலத் தட்டல். எங்கள் ஊர் வெயிலுக்கும் புழுக்கத்துக்கும் அது வழியாமலிருக்கப் பவுடரைத் தூரிகையில் தொட்டு, உதறிவிட்டு, ஒற்றுகிறாள். அதிகமாகப் போட்டால் ஒருமணி நேரத்தில் பாளம் விடும். திரும்பி வந்ததும் தேங்காய் எண்ணெய் தொட்ட பஞ்சால் ஒற்றியெடுத்துவிட்டுத்தான் படுப்பது. முதன்முறை பூசுமுன் முழங்கை மடிப்பில் தடவி ஒருநாள் விட்டு, அரிப்பு வருகிறதா என்றும் பார்த்துக்கொண்டாள்.

மாப்பிள்ளை வீட்டார் வைகாசியில் வந்தார்கள். அன்று அவள் எதையும் பூசிக்கொள்ளவில்லை. "அவிய தெரிஞ்சே வரட்டுங்கத்தை" என்றாள். வந்தவர்கள் கருவளையத்தைப் பற்றி எதுவும் கேட்கவில்லை; இரவுப் பணியைத் தொடர்வாளா என்று கேட்டார்கள். தொடர்வேன் என்றாள். பதில் சொல்லியனுப்புவதாகச் சொல்லிப் போனார்கள். இன்னும் சொல்லவில்லை.

பெட்டியின் மேல் திறந்த மூடி போல ஒரு படமும் அதற்குள் 12எம் என்ற எழுத்தும் இருக்கும். திறந்த நாளிலிருந்து பன்னிரண்டு மாதத்துக்குள் பயன்படுத்திவிடவேண்டும் என்று பொருள். யாரும் அதைப் பார்ப்பதில்லை. பார்த்தாலும் என்றைக்குத் திறந்தோம் என்பது நினைவிருப்பதில்லை. சென்ற வாரம் அவளுடைய குழலை எடுத்துப் பார்த்தேன். அடியில் சிறு துண்டுப் பிளாஸ்திரி ஒட்டி, அதில் நீல மையால் திறந்த தேதியும் தன் கையெழுத்தின் முதலெழுத்தும் எழுதியிருந்தாள். வார்டில் இன்சுலின் குப்பியைத் திறந்தால் அப்படித்தான் எழுதவேண்டுமாம்.